பெயர் பெற்ற சிறுவர்கள்: சிறுவர் நூல்களில் ஆப்பிரிக்க மக்கள்

முன்னுரை

நம் மாணவர்களுள் பெரும்பாலோர் ஆப்பிரிக்கக் கண்டத்தை நேரில் கண்டதில்லை. ஆயினும், ஆப்பிரிக்கா என்ற சொல்லைக் கேட்ட அளவில் அவர்கள் மனத்தில் ஒரு படம் எழுகிறது. அடர்ந்த காடு, ஓயாத முழவொலி, ஈட்டி ஏந்திய மனிதர், பாயக் காத்திருக்கும் சிங்கம் என அப்படம் அமைந்துவிடுகிறது. அதனை வரைந்தவர்கள் யாவர், எக்காலத்தில் வரைந்தார்கள், மாற்றி வரைய முற்பட்டவர்கள் யாவர் என்பனவே இச்சொற்பொழிவில் நாம் ஆராயப் புகும் வினாக்கள்.

ஐக்கிய நாடுகள் அவையில் உறுப்புப் பெற்ற ஆப்பிரிக்க நாடுகள் 54. அக்கண்டத்தில் வழங்கும் மொழிகள் ஏறத்தாழ 2,000. இத்துணைப் பரப்பும் வேற்றுமையும் உடைய நிலத்தை ஒரே காடாகவும் ஒரே மக்களாகவும் சுருக்கிக் காட்டியதில் சிறுவர் நூல்களுக்குப் பெரும்பங்கு உண்டு. குழந்தைப் பருவத்தில் படித்த கதையை நாம் ஐயுற்று ஆராய்வதில்லை. அன்போடு நினைவில் வைத்துக்கொள்கிறோம். அதனாலேயே அதன் தாக்கம் நெடுங்காலம் நிற்கிறது.

இவ்வரலாற்றைச் சொல்வோர் பழைய நூல்களில் உள்ள இழிசொற்களைத் தொகுத்துக் காட்டுவது வழக்கம். நாம் சற்றே வேறொரு வழியை மேற்கொள்ளலாம். கதைகளில் வரும் பெயர்களைப் பின்தொடர்வோம். கதை நிகழும் ஊருக்குப் பெயர் இருக்கிறதா? கதைமாந்தர்க்கு அவர்தம் தாய் வைத்த பெயர் இருக்கிறதா? அவர்கள் பேசும் மொழி இன்னதென்று சொல்லப்படுகிறதா? இம்மூன்று வினாக்களும் நம்மை நெடுந்தொலைவு அழைத்துச் செல்லும்.

தெருக்களுக்குப் பெயர் இருந்த நகரம்

1817ஆம் ஆண்டு தாமஸ் எட்வர்ட் பௌடிச் என்னும் ஆங்கிலேயர், இன்றைய கானா நாட்டில் உள்ள குமாசி நகருக்குத் தூதுக்குழுவோடு சென்றார். அசாந்தே அரசின் தலைநகர் அது. இரண்டாண்டுகளுக்குப் பின் அவர் வெளியிட்ட நூலில் அந்நகரின் அகன்ற தெருக்களை விரிவாக எழுதினார். தெருக்கள் யாவற்றுக்கும் பெயர் இருந்தது என்றும், ஒவ்வொரு தெருவும் ஒரு தலைவரின் பொறுப்பில் இருந்தது என்றும், வீட்டுக் குப்பை காலைதோறும் தெருவின் பின்புறத்தில் எரிக்கப்பட்டது என்றும் குறித்தார். ஆகவே, ஒழுங்குற அமைந்த ஓர் ஆப்பிரிக்க நகரம் பற்றிய செய்தி ஆங்கில வாசகர்க்குப் பத்தொன்பதாம் நூற்றாண்டின் தொடக்கத்திலேயே கிடைத்திருந்தது.

1874ஆம் ஆண்டு பிப்ரவரித் திங்களில் ஆங்கிலேயப் படை குமாசியைப் பிடித்துத் தீயிட்டது. அப்போரைக் காணச் செய்தியாளராகச் சென்றவர்களுள் ஒருவர் ஜி. ஏ. ஹென்டி. இவர் பின்னர்ச் சிறுவர்க்காக நூற்றுக்கும் அருகில் வரலாற்றுப் புதினங்களை எழுதிப் புகழ்பெற்றார். ஆங்கிலப் பேரரசின் பள்ளிகளில் பரிசு நூல்களாக வழங்கப்பட்டவை அவை. அசாந்தே போரைப் பற்றிய அவருடைய புதினம் 1884இல் வெளிவந்தது. அதில் ஓர் ஆங்கிலேய இயற்கையியல் அறிஞர் இளம் கதைத்தலைவனுக்கு ஆப்பிரிக்கரைப் பற்றி விளக்கம் சொல்கிறார். அவர்கள் குழந்தைகளைப் போன்றவர்கள் என்றும், சராசரி அறிவில் பத்து வயது ஐரோப்பியச் சிறுவனுக்கு நிகரானவர்கள் என்றும் கூறுகிறார்.

இங்கு நாம் ஊன்றிக் கவனிக்க வேண்டிய செய்தி ஒன்று உண்டு. ஹென்டி அறியாமையால் இவ்வாறு எழுதவில்லை. அந்நிலத்திற்குச் சென்று திரும்பியவர் அவர். கைப்பற்றிய நிலத்தை ஆள்வதற்கு ஒரு நியாயம் தேவைப்பட்டது. வளராத குழந்தைக்கு ஒரு காப்பாளர் வேண்டும் என்ற எண்ணம் அந்நியாயத்தை எளிதில் வழங்கியது. அதனை வருங்கால ஆட்சியாளர்களாகிய பள்ளிச் சிறுவர்க்குக் கதையாகவே ஊட்ட முடிந்தது.

வரைபடத்தில் இல்லாத நாடுகள்

அடுத்த ஆண்டில், அதாவது 1885இல், ரைடர் ஹேகர்டின் ‘சாலமன் மன்னனின் சுரங்கங்கள்’ வெளிவந்தது. தென்னாப்பிரிக்காவில் சில ஆண்டுகள் பணியாற்றியவர் ஹேகர்ட். ஆப்பிரிக்காவின் உள்நாட்டில் காணப்படும் பெருஞ்சாலையையும் சிலைகளையும் பழங்காலத்து அயலாரோடு தொடர்புபடுத்துகிறது அக்கதை. புதினத்தின் தலைப்பே அதற்குச் சான்று.

இக்கருத்து கதையோடு நிற்கவில்லை. இன்றைய சிம்பாப்வே நாட்டில் ‘பெரும் சிம்பாப்வே’ எனப்படும் கற்கோட்டைகள் உள்ளன. அவற்றை ஆப்பிரிக்கர் கட்டியிருக்க இயலாது என்றே குடியேறிய வெள்ளையர் பலர் நம்பினர். 1905இல் டேவிட் ராண்டல் மக்கைவரும், 1929இல் கெர்ட்ரூட் கேட்டன் தாம்சனும் அகழ்ந்து ஆராய்ந்து, அவை ஆப்பிரிக்கர் படைப்பே என்று முடிவு கூறினர். இன்று அவை சோனா மக்களின் முன்னோர் எழுப்பியவை என்பது ஆய்வுலகம் ஏற்ற செய்தி. எனினும் ரொடீசியாவை ஆண்ட வெள்ளையர் அரசு அவ்வுண்மையை ஏற்கத் தயங்கிற்று. 1980இல் விடுதலை பெற்ற நாடு அக்கோட்டையின் பெயரையே தன் பெயராகச் சூடிக்கொண்டது. ஒரு கட்டடத்தை யார் கட்டினார் என்ற வினா, ஒரு நாட்டின் பெயராக விடை பெற்றது எனலாம்.

1912இல் ‘டார்சான்’ ஓர் அமெரிக்க இதழில் தோன்றினான். அவனைப் படைத்த எட்கர் ரைஸ் பரோஸ் ஆப்பிரிக்காவுக்குச் சென்றவரல்லர். இதழில் வெளிவந்த வடிவில் ஆப்பிரிக்கக் காட்டில் புலி உலவியது. ஆப்பிரிக்காவில் புலி இல்லை என்பது உணரப்பட்டு, 1914இல் நூலாக வந்தபோது புலி பெண்சிங்கமாக மாற்றப்பட்டது. விலங்கைத் திருத்தியவர்கள் மனிதரைத் திருத்தவில்லை.

தமிழ் வாசகர்க்கு இவ்வரிசையில் மிக நெருக்கமானவர் முகமூடி அணிந்த ‘ஃபாண்டம்’. லீ ஃபால்க் 1936இல் அமெரிக்க நாளிதழ்களுக்காகப் படைத்த இச்சித்திரக்கதை வீரரைத் தமிழில் ‘ராணி காமிக்ஸ்’ இதழ், முகமூடி வீரர் மாயாவி எனத் தந்தது. இருபத்தொரு தலைமுறையாக ஒரு வெள்ளையர் குடும்பம் ஒரு காட்டு மக்களுக்கு நீதி வழங்கி வருகிறது என்பது கதையின் அடித்தளம். அந்நாட்டின் பெயர் பங்கல்லா. தொடக்கக் கதைகளில் அது ஆசியப் பகுதியில் இருந்தது. பின்னர், 1960களில், ஆப்பிரிக்காவுக்கு இடம் மாறியது. ஒரு நாடு கண்டம் விட்டுக் கண்டம் பெயர்ந்தும் கதைக்கு ஊறு நேரவில்லை. மண்ணுக்கும் மக்களுக்கும் உண்மையான பெயர் இல்லாதபோது, அவர்களை எங்கு வேண்டுமானாலும் கொண்டுபோய் வைக்கலாம் என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்று தேவையில்லை.

நகைப்புக்காக வைத்த பெயர்கள்

பெயரின்மை ஒருபுறம் இருக்க, கேலிப் பெயர் சூட்டும் வழக்கமும் வளர்ந்தது. 1899இல் இலண்டனில் வெளிவந்த ‘குட்டிக் கறுப்புச் சாம்போ’ இதற்கு முதன்மையான எடுத்துக்காட்டு. எழுதி வரைந்தவர் ஹெலன் பானர்மன் என்னும் ஸ்காட்லாந்துப் பெண்மணி. இந்திய மருத்துவப் பணியில் இருந்த கணவரோடு சென்னையிலும் பம்பாயிலும் வாழ்ந்தவர். தம் பெண்மக்களுக்காக இக்கதையைப் புனைந்தார். கதையில் புலிகள் ஒன்றையொன்று துரத்திச் சுழன்று உருகி நெய்யாகின்றன. நெய்யும் புலியும் இந்திய மண்ணுக்கு உரியவை. ஆனால் சிறுவனுக்கு அவர் வைத்த ‘சாம்போ’ என்ற பெயர், ஆங்கில நாடுகளில் கறுப்பினத்தாரை இழித்துரைக்க வழங்கியது. படங்களும் அக்காலக் கேலிச்சித்திரங்களை ஒத்திருந்தன.

நூலின் உரிமை ஐந்து பவுனுக்கு விற்கப்பட்டமையால், அதன் பிற்காலத்தை ஆசிரியர் கட்டுப்படுத்த இயலவில்லை. அமெரிக்காவில் பல பதிப்பகங்கள் தத்தம் விருப்பப்படி புதுப் படங்கள் சேர்த்து வெளியிட்டன. அவற்றுள் பலவற்றில் சாம்போவின் குடும்பம் அமெரிக்கத் தென்மாநிலங்களின் கறுப்பினக் குடும்பமாகவோ ஆப்பிரிக்கக் காட்டுக் குடும்பமாகவோ வரையப்பட்டது. தென்னிந்திய வாழ்வில் பிறந்த ஒரு கதை, புலி இல்லாத கண்டத்து மக்களை ஏளனம் செய்யும் கருவியாயிற்று.

1930–31ஆம் ஆண்டுகளில் பெல்ஜிய ஓவியர் ஹெர்ஜே, ‘டின்டின் காங்கோவில்’ என்ற சித்திரக்கதையைப் பிரசெல்சு நாளிதழ் ஒன்றின் சிறுவர் இணைப்பில் வரைந்தார். அப்போது காங்கோ பெல்ஜியத்தின் குடியேற்ற நாடு. அதற்கு முன், 1885 முதல் 1908 வரை, அது லியோபோல்டு மன்னரின் தனியுடைமையாக இருந்தது. இரப்பருக்காக மக்கள் பெருங்கொடுமைக்கு உள்ளாயினர். அத்துயரின் நிழல்கூட விழாத கதையாக இது அமைந்தது. ஹெர்ஜே காங்கோவைக் கண்டதில்லை. கதையில் வரும் ஓர் இனத்தாருக்கு அவர் சூட்டிய பெயர், பிரெஞ்சுக்காரர் உண்ணும் ஓர் இனிப்புப் பண்டத்தின் பெயரைச் சிதைத்து அமைத்தது. காங்கோ மொழிகளில் பெயர்களுக்குப் பஞ்சமில்லை. பெல்ஜியச் சிறுவன் சிரிக்க வேண்டும் என்பதற்காகவே பிரெஞ்சுச் சொல் தேடப்பட்டது.

ஹியூ லாஃப்டிங்கின் ‘டாக்டர் டூலிட்டில்’ 1920இல் வந்தது. விலங்குகளின் மொழி அறிந்த அம்மருத்துவர் ஆப்பிரிக்காவுக்குச் செல்கிறார். அங்கே ஜாலிகிங்கி என்னும் கற்பனை நாட்டு இளவரசன், வெண்ணிறம் பெற வேண்டி அவரிடம் மன்றாடுகிறான். விலங்குகளிடம் அத்துணைப் பரிவு காட்டிய ஒரு நூலில், கறுப்பு நிறம் நீக்க வேண்டிய நோயாகக் காட்டப்பட்டது. அதனைப் படித்த கறுப்பினக் குழந்தைகள் என்ன எண்ணியிருப்பார்கள் என்பதை நாம் மாணவர்களோடு சிந்திக்கலாம்.

அழித்து எழுதிய பதிப்புகள்

இரண்டாம் உலகப் போருக்குப் பின் குடியேற்ற நாடுகள் ஒன்றன்பின் ஒன்றாக விடுதலை பெற்றன. அமெரிக்காவில் கறுப்பின மக்களின் உரிமைப் போராட்டம் வலுப்பெற்றது. பழைய நூல்கள் கேள்விக்கு உள்ளாயின. திருத்தப் பதிப்புகள் தோன்றின. அத்திருத்தங்களை அருகிருந்து பார்ப்பது பயனுடையது.

டின்டின் கதையின் முதல் வடிவில், டின்டின் காங்கோச் சிறுவர்க்கு ஆசிரியராக நின்று, உங்கள் தாய்நாடாகிய பெல்ஜியம் என்று பாடம் தொடங்குகிறான். 1946இல் வண்ணப் பதிப்பு வந்தபோது ஹெர்ஜே அதனை நீக்கிக் கணக்குப் பாடமாக்கினார். இரண்டும் இரண்டும் எத்தனை என்று டின்டின் கேட்கிறான். வகுப்பில் ஒருவரும் விடை சொல்வதில்லை. பெல்ஜியம் போயிற்று, சிறுவரின் வாய் மட்டும் திறக்கவில்லை. பிற்காலத்தில் காங்கோ நாட்டவர் ஒருவர் இந்நூலுக்கு எதிராகப் பிரசெல்சு நீதிமன்றத்தை நாடினார். 2012இல் நீதிமன்றம் தடைவிதிக்க மறுத்தது. சட்டத்தின் முடிவு அது. நூலைப் படிப்போர் தம் முடிவைத் தாமே காண வேண்டியிருக்கிறது.

ரோல்ட் டாலின் ‘சார்லியும் சாக்லேட் தொழிற்சாலையும்’ 1964இல் வெளிவந்தபோது, தொழிற்சாலையில் உழைத்த ஊம்பா லூம்பாக்கள் ஆப்பிரிக்கக் காட்டின் ஆழத்திலிருந்து கொண்டுவரப்பட்ட குள்ள மனிதராக இருந்தனர். அவர்களைப் பெட்டிகளில் அடைத்துக் கப்பலேற்றி வந்ததாகவும், கூலியாகக் கொக்கோ விதைகளே தரப்பட்டதாகவும் கதை கூறிற்று. அடிமைக் கப்பல்களின் வரலாற்றை அறிந்தவர்க்கு இது விளையாட்டாகத் தோன்ற இயலாது. கண்டனம் எழுந்தது. 1973ஆம் ஆண்டுப் பதிப்பில் அவர்கள் வெளிர் நிறத் தோலும் பொன்னிறம் கலந்த கூந்தலும் உடையவராகி, லூம்பாலாந்து என்னும் கற்பனை நாட்டவராயினர். ஆப்பிரிக்கா கதையிலிருந்து மறைந்தது. பெட்டியும் கொக்கோக் கூலியும் எஞ்சின.

டூலிட்டில் நூலிலும் 1988ஆம் ஆண்டுப் பதிப்பில் இளவரசனின் மன்றாட்டு நீக்கப்பட்டது. இவை வேண்டிய திருத்தங்களே. ஒரு குழந்தையைப் புண்படுத்தும் பகுதியை அகற்றியது நன்று. ஆயினும், அகற்றிய இடம் வெற்றிடமாகவே நின்றது என்பதையும் நாம் சொல்ல வேண்டும். இழிவான ஆப்பிரிக்கர் போனார். உண்மையான ஆப்பிரிக்கர் வரவில்லை.

சாம்போவின் கதைக்கு 1996இல் நேர்ந்த மாற்றம் இதிலிருந்து வேறுபட்டது. அவ்வாண்டில் இரண்டு புதுப் பதிப்புகள் அமெரிக்காவில் வெளிவந்தன. ஃபிரெட் மார்செலினோ கதையை இந்தியாவிலேயே நிறுத்தி, சிறுவனுக்குப் பாபாஜி என்றும் பெற்றோர்க்கு மாமாஜி, பாப்பாஜி என்றும் பெயரிட்டார். கறுப்பின எழுத்தாளர் ஜூலியஸ் லெஸ்டரும் ஓவியர் ஜெர்ரி பிங்க்னியும், எல்லாருக்கும் சாம் என்றே பெயர் வழங்கும் ஒரு கற்பனை ஊரைப் படைத்து, கறுப்பினச் சிறுவனைத் தன் அறிவால் புலிகளை வெல்லும் தலைவனாக நிறுத்தினர். இரு முயற்சிகளுமே பெயரிலிருந்து தொடங்கின. ஒரு சொல்லை அழிப்பதைக் காட்டிலும் ஒரு பெயரைத் தருவது கடினம். அதற்கு அம்மக்களை அறிந்திருக்க வேண்டும்.

சிக்கே ஆற்றைக் கடந்தான்

அறிந்தவர்கள் அவர்களாகவே எழுத முன்வந்ததுதான் இவ்வரலாற்றின் பெருந்திருப்பம். நைஜீரிய எழுத்தாளர் சினுவா அச்செபே தம் மூத்த மகளின் பொருட்டுக் கவலையுற்ற செய்தியைத் தம் கட்டுரைகளில் கூறியுள்ளார். அக்குழந்தை லாகோசில் மழலையர் பள்ளிக்குச் சென்றாள். தன் நிறத்தைப் பற்றி அவள் விபரீதமான எண்ணங்கள் கொள்வதைப் பெற்றோர் உணர்ந்தனர். காரணம் தேடியபோது, அவளுக்குத் தாம் வாங்கித் தந்த, கண்ணைக் கவரும் அயல்நாட்டுப் படநூல்களில் அந்நஞ்சு இருப்பதைக் கண்டனர். அக்காலத்தில், கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழக அச்சகத்தின் மேற்கு ஆப்பிரிக்கப் பொறுப்பாளராக இருந்த கவிஞர் கிறிஸ்டஃபர் ஒகிக்போ, சிறுவர் கதை ஒன்று எழுதித் தருமாறு அச்செபேயைக் கேட்டார். 1966இல் ‘சிக்கேயும் ஆறும்’ வெளிவந்தது.

கதை எளியது. சிக்கே என்னும் பதினொரு வயதுச் சிறுவன் சிற்றூரிலிருந்து ஒனிட்சா நகருக்கு மாமன் வீட்டில் தங்கிப் படிக்க வருகிறான். நகரை ஒட்டி நைஜர் ஆறு ஓடுகிறது. எதிர்க்கரையில் அசாபா நகர். படகேறி அக்கரையைக் காண வேண்டும் என்பதே அவன் ஆசை. போகவும் வரவும் ஒரு ஷில்லிங் வேண்டும், அவனிடம் காசில்லை. அதனை ஈட்ட அவன் படும் பாடும், அக்கரையில் அவனுக்கு நேர்ந்ததும் மீதிக் கதை.

இங்கே ஆற்றுக்குப் பெயர் உண்டு. இரு கரையிலும் உள்ள ஊர்களுக்குப் பெயர் உண்டு. சிறுவனுக்கு இக்போ மொழியில் பெயர் உண்டு. அவன் வஞ்சகரிடம் ஏமாறுகிறான், அஞ்சுகிறான், துணிகிறான். குறையும் நிறையும் உள்ள ஒரு பையன் அவன். படகுக் கட்டணத்துக்கு ஏங்கும் ஒரு சிறுவனின் மனத்தைக் கோலாலம்பூரிலும் சிங்கப்பூரிலும் உள்ள பிள்ளை நொடியில் அறிந்துகொள்வான். உண்மையான பெயரோடு வருபவனே நமக்கு அண்டை வீட்டுக்காரன் போல் ஆகிறான்.

அச்செபேயும் ஒகிக்போவும் பின்னர் எனுகு நகரில் ‘சிட்டடெல்’ என்ற சிறு பதிப்பகத்தைத் தொடங்கினர். சிறுவர் நூல் ஒன்று அங்கே உருவாகிக்கொண்டிருந்தபோது, 1967இல் பயாஃப்ரா போர் மூண்டது. ஒகிக்போ அவ்வாண்டே போர்க்களத்தில் உயிர் துறந்தார். பதிப்பகமும் அழிந்தது. அந்நூல், ‘சிறுத்தைக்கு நகம் வந்த கதை’, ஜான் இரோகநாச்சியுடன் இணைந்து எழுதியதாக 1972இல் வெளிவந்தது. அன்பால் ஆண்ட சிறுத்தை அரசனைக் கூர்ம்பல் உள்ள நாய் விரட்டுவதும், மற்ற விலங்குகள் அஞ்சி நாயைப் பணிவதும் கதை. மறைந்த ஒகிக்போ எழுதிய ஒரு பாடலும் அதனுள் இடம்பெற்றது. போரில் இழந்த நண்பரின் சொல்லைக் குழந்தைகளின் கையில் ஒப்படைத்த நூல் அது.

கானா நாட்டின் மெஷாக் அசாரே எழுதியும் வரைந்தும் இப்பணியை முன்னெடுத்தார். 1970இல் வந்த அவருடைய நூலில் தாவியா என்னும் மீனவச் சிறுவன் கடலுக்குச் செல்ல விரும்புகிறான். 1981இல் எழுதிய ‘பித்தளை மனிதனின் இரகசியம்’, அசாந்தே மக்கள் பொன் நிறுக்கப் பயன்படுத்திய பித்தளைப் படிக்கற்களை மையமாகக் கொண்டது; அடுத்த ஆண்டு நோமா பரிசு பெற்றது. 1997இல் வந்த ‘சோசுவின் அழைப்பு’, நடக்க இயலாத சிறுவன் ஒருவன் முழவை அறைந்து தன் ஊரைக் கடல் வெள்ளத்திலிருந்து காப்பாற்றும் கதை. 1999இல் யுனெஸ்கோவின் சிறுவர் இலக்கியப் பரிசு அதற்குக் கிடைத்தது. காட்டுமிராண்டித்தனத்தின் அடையாளமாகப் பழைய நூல்கள் முழங்கவைத்த முழவு, இங்கே ஊரைக் காக்கும் செய்தியாக ஒலிக்கிறது.

கதைக்கும் ஊர் உண்டு

வாய்மொழிக் கதைகளின் நிலையும் இவ்வாறே. அனான்சி என்னும் சிலந்தியின் கதைகள் அக்கான் மக்களுடையவை. அசாந்தேயர் அக்கான் மக்களுள் ஒரு பிரிவினர். அடிமைக் கப்பல்களில் சென்றவர்களோடு கடல் கடந்து, கரிபியத் தீவுகளிலும் அக்கதைகள் வேரூன்றின. கைவிலங்கிட்டுக் கொண்டுசெல்லப்பட்டவர் எடுத்துச் செல்ல இயன்ற உடைமைகளுள் கதையும் ஒன்று. ஆர். எஸ். ராட்ரே 1930இல் அசாந்தே கதைகளை ஆங்கில மொழிபெயர்ப்போடு அவர்கள் மொழியிலேயே பதிப்பித்தார். கோல்டு கோஸ்ட் நாட்டு ஆப்பிரிக்க ஓவியர்களே அதற்குப் படம் வரைந்தனர்.

பின்னர் 1970களின் தொடக்கத்தில் இரு அமெரிக்கப் படநூல்கள் அனான்சியை உலகறியச் செய்தன. ஒன்று தன்னை ஆப்பிரிக்கக் கதை என்று அறிவித்துக்கொண்டது. மற்றொன்று அசாந்தேயரின் கதை என்றது. இரண்டும் அழகிய நூல்களே. ஆயினும் ஒரு நாட்டார் கதையை ஆசியக் கதை என்று மட்டும் சொன்னால் நமக்கு எவ்வளவு குறையாகப் படும் என்பதை எண்ணிப் பார்த்தால், இரண்டாம் நூலின் நேர்மை விளங்கும்.

நைஜீரியாவில் பிறந்து பிரிட்டனில் வாழும் அட்டினுக்கே, ‘அன்னா ஹிபிஸ்கஸ்’ என்னும் சிறுமியின் கதைகளை 2007 முதல் எழுதினார். கூட்டுக் குடும்பமும் நகர வாழ்வும் நகைச்சுவையோடு வரும் இனிய கதைகள் அவை. எனினும் அன்னாவின் நாடு இன்னதென்று சொல்லப்படவில்லை; ஆப்பிரிக்கா என்று மட்டுமே வருகிறது. அதே ஆசிரியர் 2019இல் அக்கண்டத்தை நாடு நாடாக எடுத்து விளக்கும் நூல் ஒன்றை வெளியிட்டார். பெயரின் தேவை இன்னும் தீர்ந்துவிடவில்லை என்பதையே இது காட்டுகிறது.

எம்மொழியில் சொல்வது?

இதுவரை நாம் கண்ட ஆப்பிரிக்க எழுத்தாளர்களின் நூல்கள் ஆங்கிலத்தில் எழுந்தவை. கென்ய எழுத்தாளர் கூகி வா தியாங்கோ இவ்விடத்தில் மற்றொரு வினாவை எழுப்பினார். தாம் படித்த பள்ளியில் தாய்மொழியாகிய கிக்கூயுவைப் பேசிய மாணவர் அடிபட்டதையும், இழிவுரை எழுதிய தகட்டைக் கழுத்தில் சுமந்ததையும் அவர் பதிவு செய்துள்ளார். சிறையிலிருந்து மீண்ட பின், 1982இல் நிஜாம்பா நேனே என்னும் சிறுவனைத் தலைவனாகக் கொண்ட கதையைக் கிக்கூயுவிலேயே சிறுவர்க்காக எழுதினார். அதில், அயல்நாட்டுச் செய்திகளை ஒப்பிக்கத் தெரிந்த மாணவர் காட்டில் வழிதவறுகின்றனர். தன் மண்ணையும் மொழியையும் அறிந்தவன் என்பதற்காக அவர்களால் ஏளனம் செய்யப்பட்ட ஏழைச் சிறுவனே அவர்களை வீடு சேர்க்கிறான்.

தாய்மொழிக் கல்வியைக் காத்து நிற்கும் நம் நாட்டுத் தமிழாசிரியர்களுக்கு இக்கதையின் பொருளை விளக்க வேண்டியதில்லை.

இவ்வெழுத்துகள் இல்லாவிடின் என்ன நேரும் என்பதைச் சிமமாண்டா இங்கோசி அடிச்சி 2009இல் ஆற்றிய உரை ஒன்றில் தம் வாழ்விலிருந்தே எடுத்துரைத்தார். நைஜீரியாவில் வளர்ந்த அவர் ஏழு வயதளவில் எழுதத் தொடங்கியபோது, அவர் படைத்த குழந்தைகள் யாவரும் நீலக்கண் உடையவர், பனியில் விளையாடினர், ஆப்பிள் உண்டனர். அவர் படித்த ஆங்கில நூல்களில் அத்தகையோரே இருந்தமையால், கதைக்குள் தம்மைப் போன்றவர்க்கு இடமில்லை என்று நம்பிவிட்டார். அச்செபே போன்றோரைப் படித்த பின்னரே அந்நம்பிக்கை உடைந்தது. ஒரு மக்களைப் பற்றிய பொய் அயலாரை மட்டும் ஏமாற்றுவதில்லை. அம்மக்களின் பிள்ளைகளையும் தம் வீட்டிலேயே அயலாராக்குகிறது.

நம் வகுப்பறைக்கு

இவ்வரலாறு நமக்குச் சில கடமைகளை வகுத்துத் தருகிறது. முதலாவது, நம் மொழியைப் பற்றியது. தமிழ் அகராதிகளில் ‘காப்பிரி’ என்றொரு சொல் உண்டு. அரபு மொழியில் பிறந்து, போர்த்துகீசியர் வழியே பரவி, ஆப்பிரிக்கரைக் குறிக்கத் தமிழிலும் புகுந்தது. பழைய மொழிபெயர்ப்புகளில் ‘நீக்ரோ’ என்பதும் ‘காட்டுவாசி’ என்பதும் தாராளமாக வழங்கின. இன்று எழுதுவோர் இவற்றை விடுத்து, அக்கான், இக்போ, சோனா, கிக்கூயு என அம்மக்கள் தமக்கு வழங்கும் பெயர்களையே எழுத வேண்டும். ‘ஆப்பிரிக்க மொழியில்’ என்று எழுத நேரும்போது, எம்மொழி என்று ஒருகணம் தேடிப் பார்த்தல் நலம்.

இரண்டாவது, நூல் தேர்வு பற்றியது. பள்ளி நூலகத்திற்கு ஒரு கதையை வாங்குமுன் ஆசிரியர் நான்கு வினாக்களைக் கேட்கலாம். இது எந்நாட்டில் நிகழ்கிறது? மாந்தரின் பெயர்கள் அம்மண்ணுக்கு உரியவையா? சிக்கலைத் தீர்ப்பவர் யார்: அம்மண்ணின் பிள்ளையா, வெளியிலிருந்து வந்தவரா? எழுதியவர் யார்? எல்லா வினாக்களுக்கும் நிறைவான விடை கிடைக்க வேண்டும் என்பதில்லை. கேட்கும் பழக்கம் வந்தாலே தேர்வு திருந்தும்.

மூன்றாவது, பழைய நூல்களைப் பற்றியது. அவற்றைச் சின்னஞ்சிறு பிள்ளைகளின் கையில் விளக்கமின்றித் தருவது முறையன்று. ஆனால் உயர்நிலை மாணவர்க்கு அவை வரலாற்றுச் சான்றுகள். டின்டின் கதையின் இரு வடிவங்களையும், சாக்லேட் தொழிற்சாலையின் இரு வடிவங்களையும் அருகருகே வைத்து, எது மாறியது, எது மாறவில்லை என்று அவர்களே கண்டறியச் செய்யலாம். அதனோடு சிக்கேயையும் சோசுவையும் அறிமுகம் செய்வித்தால், பாடம் கண்டனத்தோடு முடியாது.

வயது வந்தோர்க்கான ஆப்பிரிக்கப் புதினங்கள் சில முன்பே தமிழுக்கு வந்துள்ளன. அச்செபேயின் முதற்புதினம் ‘சிதைவுகள்’ என்ற பெயரிலும், கூகியின் சிறைக்காலப் புதினம் ‘சிலுவையில் தொங்கும் சாத்தான்’ என்ற பெயரிலும் தமிழில் கிடைக்கின்றன. சிறுவர் நூல்களிலும் அம்முயற்சி பெருக வேண்டும். நம் ஆசிரியர்களும் இளம் மொழிபெயர்ப்பாளர்களும் ஏற்கத்தக்க பணி அது.

இப்பணி நமக்கு அயலானதன்று. இரப்பர்த் தோட்டங்களுக்கும் இருப்புப்பாதைகளுக்கும் வந்த நம் முன்னோரும் ஒருகாலத்தில் ‘கூலி’ என்னும் ஒற்றைச் சொல்லால் குறிக்கப்பட்டவர்களே. அவர்களுக்கும் ஊரும் பெயரும் பாட்டும் இருந்தன என்பதை நாமே எழுதி நிலைநாட்ட வேண்டியிருந்தது. அதனை அறிந்த நாம், பிறர் பிள்ளைகளின் பெயரைச் சரியாகச் சொல்லக் கற்றுக்கொள்வது கடன். நாளை நம் மாணவர் ஒருவர் ஆப்பிரிக்கா என்ற சொல்லைக் கேட்கும்போது, அவர் மனத்தில் ஒனிட்சாவின் படகுத்துறையில் காசுக்கு ஏங்கி நிற்கும் சிக்கே தோன்றுவானாயின், நம் கற்பித்தல் பயன் தந்தது என்று கொள்ளலாம்.